பதிவு வேறு, அங்கீகாரம் வேறு

தொழிற்சங்கத்தின் பலம் தொழிலாளர்களின் ஒற்றுமையில் இருக்கிறது என்பார்கள். உண்மைதான், ஆனால் பாதி உண்மை. சங்கத்தைப் பதிவு செய்வது யார், நிர்வாகம் யாருடன் பேசியாக வேண்டும், வேலைநிறுத்தம் எப்போது சட்டவிரோதமாகும் என்பதையெல்லாம் அரசுதான் முடிவு செய்கிறது.

1918 ஏப்ரலில் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தபோது, இந்தியாவில் சங்கங்களுக்கென்று சட்டமே கிடையாது. பி.பி. வாடியா தலைவர், திரு.வி.க. உடன் நின்றவர். பெரம்பூர் பின்னி மில்லில் 1920இல் தகராறு முற்றியதும் நிர்வாகம் உயர் நீதிமன்றம் போனது. 'தொழிலாளரைத் தூண்டி வேலை ஒப்பந்தத்தை மீறச் செய்கிறார்கள்' என்று சொல்லி, தலைவர்கள்மீது தடையும் வாங்கியது. சங்கம் நடத்தினாலே நஷ்டஈட்டு வழக்கு வரும் என்ற நிலை. என்.எம். ஜோஷி 1921இல் மத்திய சட்டசபையில் இதை எழுப்பினார். 1926இல் தொழிற்சங்கச் சட்டம் வந்தது. பதிவு பெற்ற சங்கத்தினர் தொழில் தகராறு ஒன்றில் முறையாகச் செயல்பட்டால், அதற்காகக் குற்றச்சதி வழக்கோ நஷ்டஈட்டு வழக்கோ பாயாது என்ற பாதுகாப்பை அது தந்தது.

ஆனால் அந்தச் சட்டம் ஒன்றைச் சொல்லாமல் விட்டது. சங்கத்தைப் பதிவு செய்துகொள்ளலாம். அதோடு உட்கார்ந்து பேச நிர்வாகத்துக்குக் கட்டாயம் இல்லை. 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்தில் 1982இல் ஒரு திருத்தம் வந்தது. அங்கீகரிக்கப்பட்ட சங்கத்துடன் நல்லெண்ணத்தோடு பேச மறுப்பது முறையற்ற செயல் என்றது. யார் அங்கீகரிப்பது? மகாராஷ்டிரம் 1971லேயே அதற்குத் தனிச்சட்டம் போட்டது. தமிழ்நாட்டில் அப்படி ஒன்று இல்லை. ஆகவே இங்கே அங்கீகாரம் பெரும்பாலும் நிர்வாகத்தின் மனசைப் பொறுத்த விஷயமாகவே இருந்துவந்தது.

இந்த இடைவெளி எவ்வளவு பெரியது என்பது 2024இல் சுங்குவார்சத்திரம் சாம்சங் ஆலையில் தெரிந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் செப்டம்பர் 9 முதல் ஒரு மாதத்துக்கும் மேல் வேலைநிறுத்தம் செய்தார்கள். முதன்மைக் கோரிக்கைகளில் ஒன்று, சிஐடியு சார்ந்த தங்கள் சங்கத்துக்குப் பதிவு. சங்கப் பெயரில் 'சாம்சங்' இருக்கக்கூடாது என்று நிறுவனம் ஆட்சேபித்தது. பதிவாளரிடம் விண்ணப்பம் மாதக்கணக்கில் கிடந்தது. நடுவில் அமைச்சர்கள் பேச்சுவார்த்தை நடத்தினார்கள். தொழிலாளர் குழு ஒன்றுடன் உடன்பாடு என்ற அறிவிப்பும் வந்தது. சங்கம் அதை ஏற்கவில்லை. போராட்டப் பந்தலைப் போலீஸ் அகற்றியது. கடைசியில் உயர் நீதிமன்றம் வரை போய், 2025 ஜனவரியில்தான் பதிவு கிடைத்தது. சட்டத்தின் எழுத்து இந்த மாதங்களில் ஒரு வரிகூட மாறவில்லை. முதலீட்டாளர் முகம் சுளிப்பாரோ என்ற கவலை அரசுக்கு இருந்தால், கோப்பு நகரும் வேகம் மாறிவிடுகிறது. கொள்கை என்பது சட்டப் புத்தகத்தில் மட்டும் இல்லை என்று நான் சொல்வது இதனால்தான்.

2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கும் தொழில் உறவுகள் தொகுப்பு, 1926, 1947 சட்டங்களின் இடத்தைப் பிடித்திருக்கிறது. அங்கீகார விஷயத்தில் இது ஒரு முன்னேற்றம். பல சங்கங்கள் இருக்கும் இடத்தில் 51 சதவீத ஆதரவுள்ள சங்கத்துடன் நிர்வாகம் பேசியாக வேண்டும். எதற்கும் அவ்வளவு ஆதரவு இல்லையென்றால், 20 சதவீதம் உள்ள சங்கங்கள் சேர்ந்த பேச்சுவார்த்தைக் குழு.

ஒரு கையால் தந்ததை மறு கையால் எடுத்த இடமும் உண்டு. முன்பு வேலைநிறுத்தத்துக்கு முன்னறிவிப்பு பொதுப்பயன்பாட்டுச் சேவைகளுக்கு மட்டும்தான் கட்டாயம். இனி எல்லா ஆலைகளிலும் 14 நாள் முன்னறிவிப்பு வேண்டும். சமரசப் பேச்சு நடக்கும்போதும் அது முடிந்து 7 நாள் வரையும் வேலைநிறுத்தம் சட்டவிரோதம். முன்னறிவிப்பு வந்ததும் சமரச அலுவலர் பேச்சைத் தொடங்கிவிட்டால், முறைப்படி போராடும் நாள் தள்ளிக்கொண்டே போகும். பாதிப்பேரோ அதற்கு மேலோ ஒரே நாளில் சொல்லிவைத்து லீவு போட்டாலும் அதுவும் வேலைநிறுத்தம்தான். ஆட்குறைப்புக்கும் ஆலை மூடலுக்கும் அரசின் முன் அனுமதி தேவைப்படும் வரம்பும் 100 பேரிலிருந்து 300ஆக உயர்ந்துவிட்டது.

அந்த 51 சதவீதத்தை எதைக்கொண்டு எண்ணுவது என்பதுதான் ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் இனி எழப்போகும் சண்டை. சட்டம் சொல்வது அந்த ஆலையின் வருகைப்பதிவேட்டில் உள்ள தொழிலாளர்களை. ஒப்பந்தத் தொழிலாளியின் பெயர் வழக்கமாக ஒப்பந்தக்காரரின் பதிவேட்டில் இருக்கும். அப்ரண்டிஸ் சட்டத்தின்படி சேர்ந்தவரோ இந்தத் தொகுப்பின்படி தொழிலாளியே அல்ல.