அம்பு இல்லை, தண்ணீர்!

கௌபாய் படங்கள்ல கூண்டு வண்டிகளை அம்புகள்தான் துரத்தும். நானும் அதையே நம்பியிருந்தேன். ஆனா 19-ம் நூற்றாண்டில் அமெரிக்காவின் மிசௌரியிலிருந்து மேற்கே ஓரிகன் வரை, சுமார் 3,200 கிலோமீட்டர் போன குடும்பங்கள்ல, அம்பைவிட நோய்தான் அதிகம் பேரைக் கொன்றது. 1849-லிருந்து குறிப்பா காலரா.

வண்டி முழுக்க சாப்பாட்டுச் சாமான். அதனால பெரும்பாலானவங்க, குழந்தைங்க உட்பட, நடந்தேதான் போனாங்க. பிளாட் நதிக்கரையில முன்னாடி போனவங்க முகாம் போட்டு அசுத்தமாக்கின தண்ணியையே பின்னாடி வந்தவங்க குடிச்சாங்க. காலையில நல்லா இருந்தவர் ராத்திரிக்குள்ள இறந்துபோகலாம். நின்னு அழ நேரமில்லை. பனி விழறதுக்குள்ள மலையைத் தாண்டணும். புதைச்சுட்டு நடந்தாங்க.

காலரா தண்ணியில பரவுதுன்னு லண்டன்ல ஜான் ஸ்னோ ஆதாரத்தோட காட்டினது 1854-லதான். அந்தத் தண்ணியைக் கொதிக்க வச்சிருந்தாலே பலர் பிழைச்சிருப்பாங்க. அது அவங்களுக்குத் தெரியாது.