மாட்டைப் புதைப்பதற்கு முன்

கன்று ஈன்ற மறுநாள் கறவை மாடு எழ முடியாமல் படுத்துக்கொள்கிறது. பால் காய்ச்சல். சினை ஊசி போட வரும் ஆளையே கூப்பிடுகிறார்கள். அவர் கால்சியம் பாட்டிலைக் கழுத்து நரம்பில் மளமளவென்று இறக்க, இதயம் நின்று மாடு சாகிறது. அன்றே புதைத்துவிட்டு, ஒரு வாரம் கழித்துக் கால்நடை மருத்துவர் சங்கத்துக்கு மனு எழுதுகிறார்கள். இப்படி வீணாய்ப்போன மனுக்களைத் தொடர்ந்து பார்த்துவருகிறேன்.

சங்கத்தால் இதில் தண்டனை கொடுக்க முடியாது. காலிப் பணியிடம், ஊதியம், பதவி உயர்வு, பயிற்சி என்று மருத்துவர்கள் தங்களுக்காக நடத்தும் அமைப்பு அது. ஒருவரை உறுப்பினர் பட்டியலிலிருந்து நீக்கலாம்; தொழில் செய்யாதே என்று தடுக்க முடியாது. அந்த அதிகாரம் சென்னையில் உள்ள மாநில கால்நடை மருத்துவ மன்றத்துக்கு உண்டு. 1984-ஆம் ஆண்டின் இந்திய கால்நடை மருத்துவ மன்றச் சட்டப்படி, பட்டம் பெற்றவர்களைப் பதிவேட்டில் சேர்ப்பதும், ஒழுக்கம் தவறியவர் பெயரை நீக்குவதும் அதன் வேலை. பதிவு பெற்றவர்தான் வைத்தியம் பார்க்கலாம், சான்றிதழில் கையெழுத்திடலாம் என்கிறது 30-ஆவது பிரிவு. அரசு அனுமதித்த சில சிறு பணிகளை மட்டும் பட்டயம், சான்றிதழ் படிப்பு முடித்தவர்கள் மருத்துவரின் மேற்பார்வையில் செய்யலாம்.

சங்கங்கள் மீதும் எனக்குக் கோபம் உண்டு. மனு வந்தால் 'மன்றத்துக்கு எழுதுங்கள்' என்று இரண்டு வரி பதில் போட என்ன தடை? போலிகளால் முதலில் கெடுவது அவர்கள் தொழிலின் பெயர்தானே.

மாடு செத்துவிட்டால் என்ன செய்வது? முதலில், புதைக்காதீர்கள். அரசு கால்நடை மருந்தகத்துக்குச் சொல்லி, பிரேதப் பரிசோதனை கேளுங்கள். காப்பீடு இருந்தால் நிறுவனத்துக்கும் உடனே தகவல் சொல்லுங்கள். காதுவில்லையைத் தொலைக்காதீர்கள், அது இல்லாவிட்டால் பணம் வருவது கடினம். காலி மருந்துப் பாட்டிலையும் ஊசியையும் எடுத்து வையுங்கள். ஒரே ஒரு விலக்கு: திடீரென்று செத்து, மூக்கிலோ ஆசனவாயிலோ உறையாத ரத்தம் கசிந்தால் அது அடைப்பானாக இருக்கலாம். அந்த உடலை யாரும் அறுக்கக் கூடாது, தொடவும் கூடாது, மருத்துவர் வரட்டும்.

அடுத்து, வைத்தியம் பார்த்தவர் யார்? பதிவு பெற்ற மருத்துவர் என்றால், மன்றப் பதிவாளருக்கு எழுத்துமூலம் புகார் கொடுங்கள். அவர் பதிவு எண், மருந்துச் சீட்டு நகல், பரிசோதனை அறிக்கை நகல், தேதிவாரியான விவரம் எல்லாம் வேண்டும்; ஒப்புகை கிடைக்கும்படி தபாலில் அனுப்புங்கள். பதிவே இல்லாதவர் என்றால், இல்லாத பெயரை மன்றம் எப்படி நீக்கும்? காவல் நிலையத்தில் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர் (புகார் ஏற்பு) ரசீது வாங்குங்கள். ஒரு நகலைக் கால்நடை பராமரிப்புத் துறையின் மண்டல இணை இயக்குநருக்கும், இன்னொன்றை மன்றத்துக்கும் அனுப்புங்கள். வாய்ப்பேச்சோடு உங்களை அனுப்பிவைக்கப் பார்ப்பார்கள். ரசீது இல்லாமல் திரும்பாதீர்கள்.

பணம் கொடுத்துப் பார்த்த வைத்தியத்துக்கு இழப்பீடு கேட்க மாவட்ட நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும். அங்கேயும் முதலில் கேட்பது பரிசோதனை அறிக்கையைத்தான். அதனால் மறுபடியும் சொல்கிறேன், புதைக்காதீர்கள்.

மாடு உயிரோடு இருக்கும்போதே 1962-க்குப் போன் செய்யுங்கள், நடமாடும் கால்நடை மருத்துவ ஊர்தி வரும். தனியாரை அழைத்தால், நரம்பில் ஊசி ஏற்றும் முன்பே பதிவு எண்ணைக் கேட்டு, மருந்துச் சீட்டில் எழுதி வாங்குங்கள்.