முழுக் கோழியின் கணக்கு

பெங்களூரு சிவாஜிநகரில் ரஸ்ஸல் மார்க்கெட்டைச் சுற்றியுள்ள தெருக்களில் ஒரு கோழிக்கடையின் விலைப்பலகையைப் பார்த்தால் நான்கைந்து வரிகளுக்கு மேல் இருக்காது. உயிர்க்கோழி கிலோ இவ்வளவு, வித் ஸ்கின் இவ்வளவு, வித்தவுட் ஸ்கின் இவ்வளவு, கடைசியில் போன்லெஸ். பண்ணை விலை ஏறி இறங்குவதற்கேற்ப எண்களை மட்டும் அழித்து அழித்து எழுதுவார்கள். இதே நகரில் 2015ஆம் ஆண்டு தொடங்கிய லிசியஸ், ஃப்ரெஷ் டு ஹோம் போன்ற நிறுவனங்களின் செயலியைத் திறந்தால் காட்சி வேறு. மார்புக்கறி தனி, தொடை தனி, காலின் கீழ்ப்பாதி தனி, இறக்கை தனி, ஈரல் தனி. ஒவ்வொன்றுக்கும் ஒரு பெட்டி, ஒரு விலை. வாங்குகிறவருக்கு இது வசதி, அதில் சந்தேகமில்லை. ஆனால் கோழியைத் துண்டு துண்டாக விலை பேசத் தொடங்கிய நாளிலிருந்து ஒரு முக்கியமான உண்மை கண்ணிலிருந்து மறைந்துவிடுகிறது. ஒரு துண்டின் விலையை அந்தத் துண்டு மட்டும் தீர்மானிப்பதில்லை. அதே கோழியின் மீதிப் பாகங்களை யார், என்ன விலைக்கு வாங்குகிறார்கள் என்பதும் சேர்ந்தே தீர்மானிக்கிறது. வெளிநாட்டுக் கோழிக்கால் இந்தியாவுக்குள் வரலாமா கூடாதா என்று நடந்த வழக்கையும், இருபது ஆண்டுகளுக்கு மேலாக நடக்கும் பேரத்தையும் இந்த உண்மையிலிருந்து பார்த்தால்தான் விளங்கும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஏறக்குறைய நாற்பது நாள் வளர்ந்த பிராய்லர், எடை இரண்டு கிலோ. உயிரெடை கிலோ 120 ரூபாய் என்று கணக்குக்காக வைத்துக்கொண்டால் கோழியின் அடக்கம் 240 ரூபாய். இறகு, குடல், தலை, பாதம், தோல் எல்லாம் போய்த் தேறுவது சுமார் 1 கிலோ 300 கிராம். ஆகவே தோல் உரித்த கறியைக் கிலோ 185 ரூபாய்க்கு விற்றால்தான் கடைக்காரருக்கு அசலே திரும்பும்; வெட்டுக்கூலியும் வாடகையும் லாபமும் அதற்குமேல். முழுக்கோழியாக விற்கும் வரை கணக்கு இவ்வளவுதான். இனி துண்டுக்கு வருவோம். இந்தக் கோழியில் எலும்பில்லாத மார்புக்கறி ஏறக்குறைய 400 கிராம் கிடைக்கும். தொடையோடு சேர்ந்த இரண்டு முழுக்கால்களும் கிட்டத்தட்ட அதே அளவு. மீதி, இறக்கை, முதுகு, கழுத்து. வாடிக்கையாளர்கள் மார்பை மட்டும் வாங்கி, மற்றதைச் சீண்டாமல் விட்டால், 240 ரூபாயும் அந்த 400 கிராமின் தலையில் விழும். கிலோ 600 ரூபாய். மற்றப் பாகங்கள் 140 ரூபாய்க்குப் போய்விட்டால் மார்பு கிலோ 250 ரூபாய்க்கே கட்டுப்படியாகும். அதே கோழி, அதே தீவனம், அதே பண்ணையாள் உழைப்பு. மாறியது மீதிப் பாகங்களுக்குக் கிடைத்த கிராக்கி மட்டுமே.

பெங்களூரில் இந்த மீதி இதுவரை பெரிய சிக்கலாக இருந்ததில்லை. தொன்னை பிரியாணிக் கடைக்கு எலும்போடு கூடிய துண்டு வேண்டும். மாலைநேரக் கபாப் கடைக்கும் அப்படியே. இறக்கையை லாலிபாப் ஆக்கிவிடுகிறார்கள். வீட்டுக் குழம்புக்குக் கழுத்தும் முதுகும்தான் ருசி. விருந்தில் மாப்பிள்ளை இலையிலும் குழந்தையின் தட்டிலும் வைப்பது லெக் பீஸ். அது நமக்கு மரியாதைத் துண்டு. மார்புக்கறியைத்தான் சக்கை என்று சிலர் ஒதுக்கினார்கள். உடற்பயிற்சிக் கூடங்கள் பெருகியபின் அதற்கும் ஆள் வந்துவிட்டது. மொத்தத்தில், நாம் ஒரு கோழியின் எல்லாப் பாகங்களுக்கும் விலை கொடுக்கிற மக்கள்.

மேற்கு நாடுகளில் கதை தலைகீழ். அமெரிக்கரும் வடக்கு ஐரோப்பியரும் விரும்புவது வெள்ளைக்கறி என்று அவர்கள் சொல்லும் மார்பு. கால் அவர்களுக்கு இரண்டாந்தரம். இறக்கை ஒருகாலத்தில் சூப் சட்டிக்குப் போனது. 1964இல் நியூயார்க் மாநிலத்துப் பஃபலோ நகரில் ஆங்கர் பார் என்ற உணவகம் அதைப் பொரித்துக் காரக்குழம்பில் புரட்டிக் கொடுத்த பிறகுதான் அதற்கு யோகம் பிறந்தது. காலுக்கு அப்படி ஓர் உள்ளூர் யோகம் அமையவில்லை, கப்பலேறியது. சோவியத் யூனியனின் கடைசி நாட்களில், ஜார்ஜ் புஷ் அதிபராக இருந்தபோது போய் இறங்கத் தொடங்கிய அமெரிக்கக் கோழிக்கால்களை ரஷ்யர்கள் புஷ்ஷின் கால்கள் என்றே அழைத்தார்கள். பாதங்கள் சீனாவுக்குப் போயின. ஐரோப்பாவும் இதே வழிதான். ஐரோப்பிய ஒன்றியத்தில் மிக அதிகமாகக் கோழி உற்பத்தி செய்யும் நாடு போலந்து. ஒன்றியம் பிரேசிலிலிருந்தும் தாய்லாந்திலிருந்தும் மார்புக்கறியை வரவழைக்கிறது. தன் கால்களையும் இறக்கைகளையும் உறையவைத்து ஆப்பிரிக்காவுக்கு அனுப்புகிறது. கோழி ஏற்றுமதி நாடு, இறக்குமதி நாடு என்று பிரித்துப் பேசுவதே இந்த வியாபாரத்தில் பொருந்தாது. ஒரே நாடு ஒரு பாகத்தை விற்று இன்னொரு பாகத்தை வாங்குகிறது.

சுதந்திர வணிகம் பற்றிப் பேசும் ஐரோப்பா தனக்குப் பிடித்த துண்டு விஷயத்தில் எப்படி நடந்துகொண்டது என்பதையும் பார்க்கவேண்டும். எலும்பில்லாத உறைந்த கோழிக்கறிக்கு அங்கே டன்னுக்கு 1,024 யூரோ தீர்வை. உப்பிட்ட கறிக்கோ 15.4 சதவீதம் மட்டும். பிரேசிலும் தாய்லாந்தும் மார்புக்கறியில் கொஞ்சம் உப்பைச் சேர்த்துக் குறைந்த தீர்வையில் அனுப்பின. ஐரோப்பா விதியை மாற்றி, இது உப்பிட்ட கறியே அல்ல, உறைந்த கறிதான் என்றது. உலக வணிக அமைப்பில் வழக்கு நடந்து 2005இல் ஐரோப்பா தோற்றது. தோற்றபின் கதவைத் திறந்துவிட்டதா என்றால் இல்லை. பேச்சு நடத்தி, இவ்வளவு டன்தான் குறைந்த தீர்வையில் வரலாம் என்று அளவு கட்டியது. பணமும் தொழில்நுட்பமும் உள்ள நாடுகளே தங்கள் பண்ணையாளரை இப்படிக் காக்கும்போது, நாம் காப்பதை மட்டும் பிற்போக்கு என்று சொல்வதில் நியாயமில்லை.

வெளிநாட்டுக் கால் மலிவாக வருவதாலேயே அது, வணிகச் சட்டம் டம்பிங் என்று சொல்லும் அடிமாட்டு விலை விற்பனையாகிவிடுமா என்று கேட்கலாம். நல்ல கேள்வி. அந்தச் சட்டத்தின்படி, சொந்த நாட்டில் விற்கும் விலைக்கோ அடக்க விலைக்கோ கீழே விற்றதாகக் காட்டவேண்டும். ஆனால் காலின் அடக்க விலை என்ன? கோழியின் மொத்தச் செலவை எடையைப் பார்த்துப் பங்கிடுவதா, ஒவ்வொரு துண்டும் சந்தையில் பெறும் மதிப்பைப் பார்த்துப் பங்கிடுவதா? எடைப்படி பார்த்தால் அமெரிக்கக் காலும் பாதமும் நட்டத்துக்கு விற்கப்படுகின்றன. மதிப்புப்படி பார்த்தால் லாபத்துக்கு. சீனா 2010இல் அமெரிக்கக் கோழி மீது தண்டத் தீர்வை விதித்தபோது எடைக் கணக்கையே பிடித்துக்கொண்டது. 2013இல் உலக வணிக அமைப்பின் நடுவர் குழு, அந்த முறையை ஏற்றதற்குச் சீனா தகுந்த காரணம் காட்டவில்லை என்று தீர்ப்பளித்தது. எனக்கு இதிலிருந்து படுவது இது: மார்புக்கறியிலேயே முதல் திரும்பிவிட்ட நாட்டுக்குக் கால் எந்த விலைக்குப் போனாலும் வரவுதான். உறையவைக்கும் செலவும் கப்பல் கூலியும் கிடைத்தால் போதும். எல்லாப் பாகத்துக்கும் சேர்த்து விலை எடுக்கவேண்டிய நம் பண்ணையால், எவ்வளவு திறமையாக வளர்த்தாலும், அந்த விலையோடு மோத முடியாது. இது திறமைக்கும் திறமைக்கும் இடையிலான போட்டியே அல்ல.

இந்தியா இதைத் தடுக்க இரண்டு வழிகளைக் கையாண்டது. ஒன்று தவறான வழி. 2007இல் பறவைக் காய்ச்சலைக் காரணம் காட்டி அமெரிக்கக் கோழிக்குத் தடை போட்டது. வீரியம் குறைந்த வகைக் காய்ச்சல் அந்த நாட்டின் ஏதோ ஒரு மூலையில் தென்பட்டாலும் நாடு முழுவதற்கும் தடை. உள்நாட்டில் அதே வகைக் காய்ச்சலுக்கு அப்படிக் கட்டுப்பாடு எதுவும் இல்லை. உலக வணிக அமைப்பின் நடுவர் குழு 2014 அக்டோபரிலும், மேல்முறையீட்டு அமைப்பு 2015 ஜூனிலும் இந்தியாவுக்கு எதிராகத் தீர்ப்பளித்தன. அந்தத் தீர்ப்பு சரியானதே. நோயைச் சாக்காக வைத்துப் பொருளாதாரத்தைக் காக்க முயன்றால் நோய்த் தடுப்பு, வணிகம் என்ற இரண்டு இடத்திலும் நம்பகம் போகும். இரண்டாவது வழி வெளிப்படையானது: கோழித் துண்டுகளுக்கு 100 சதவீத இறக்குமதித் தீர்வை. உலக வணிக அமைப்பில் இந்தியா ஏற்றுக்கொண்ட வரம்புக்கு உட்பட்டது அது. 2023 செப்டம்பரில், டெல்லியில் ஜி20 மாநாடு கூடிய சமயத்தில், அந்தப் பழைய கோழி வழக்கு சமரசமாக முடிந்தது. உறைந்த வான்கோழி, வாத்து, சில பழங்கள் ஆகியவற்றுக்குத் தீர்வை குறைந்தது. கோழிக்கால் அந்தப் பட்டியலில் இல்லை.

ஏழைக்கு மலிவாகப் புரதம் கிடைப்பதைத் தீர்வை போட்டுத் தடுக்கலாமா என்பது இதற்கு எதிராக வரும் வலுவான வாதம். அதை அலட்சியமாகத் தள்ள முடியாது. பெங்களூரில் கட்டட வேலைக்கு வந்திருக்கும் குடும்பத்துக்குக் கிலோவுக்கு ஐம்பது ரூபாய் குறைவது சின்ன விஷயமல்ல. ஆனால் கானாவில் நடந்ததைப் பார்க்கவேண்டும். ஐரோப்பிய, அமெரிக்க, பிரேசில் துண்டுகள் குவிந்து உள்ளூர்ப் பண்ணைகள் சாய்ந்தபோது, 2003இல் அந்நாட்டு நாடாளுமன்றம் கோழித் தீர்வையை 20லிருந்து 40 சதவீதமாக உயர்த்தியது. பன்னாட்டு நிதியத்தின் நெருக்குதலில் அது உடனே கைவிடப்பட்டது. இன்று அந்நாட்டின் கறிக்கோழித் தேவையில் பெரும்பகுதி வெளியிலிருந்து வருகிறது. கேமரூன் 2006இல் உறைந்த கோழி இறக்குமதியைத் தடுத்தது. தென்னாப்பிரிக்கா 2015இல் ஜெர்மனி, நெதர்லாந்து, பிரிட்டன் துண்டுகள் மீது தண்டத் தீர்வை போட்டது. மிச்சத்தை நம்பிச் சாப்பிடுகிற நாட்டில் விலை, அந்த மிச்சம் கிடைக்கும்வரைதான் மலிவு. இன்னொன்றும் உண்டு. கோழித் தீவனத்தில் பாதிக்கு மேல் மக்காச்சோளம். இரண்டு கிலோக் கோழி மூன்று கிலோவுக்கு மேல் தீவனம் தின்னும். தாவணகெரே, ஹாவேரி பக்கத்து மானாவாரி விவசாயிக்கு அதுவே சந்தை. இறக்குமதியாகும் ஒவ்வொரு கோழிக்காலோடும் வேறொரு நாட்டு வயலில் விளைந்த மக்காச்சோளமும் சேர்ந்தே உள்ளே வருகிறது.

தீர்வையின் பலன் விவசாயிக்குப் போகவில்லை, நிறுவனங்களுக்குத்தான் போகிறது என்பது அடுத்த வாதம். இதில் பாதி உண்மை. உடுமலைப்பேட்டையில் 1984இல் தொடங்கிய சுகுணா போன்ற நிறுவனங்கள் பரப்பிய ஒப்பந்த முறையில், குஞ்சும் தீவனமும் மருந்தும் நிறுவனத்தினுடையவை. கொட்டகை, மின்சாரம், தண்ணீர், ராத்திரி பகல் பார்க்கும் உழைப்பு பண்ணையாளருடையது. அவருக்குக் கிடைப்பது கிலோ கணக்கில் வளர்ப்புக் கூலி. கூலி போதவில்லை என்று கொங்கு மாவட்டங்களின் பண்ணையாளர்கள் போராடி வருவது ஊரறிந்தது. பல்லடத்தில் அறிவிக்கும் பண்ணை விலை ஏறும்போது கூலி அந்த அளவுக்கு ஏறுவதில்லை. ஆனால் இந்தக் குறைக்கு மருந்து, காலை இறக்குமதி செய்வதல்ல. நிறுவனத்தின் லாபம் விழுந்தால் முதலில் குஞ்சு நிறுத்தப்படுவது கிருஷ்ணகிரியிலும் கோலாரிலும் கடன் வாங்கிக் கொட்டகை போட்டவருக்குத்தான். நாட்டின் தீர்வையால் காப்புப் பெறும் நிறுவனங்கள் வளர்ப்புக் கூலியைச் சந்தை விலையோடு இணைக்கவேண்டும் என்று அரசு நிபந்தனை வைக்கலாம். அந்த அதிகாரம் அரசிடம் இருக்கிறது.

நம் கறியில் தூய்மை குறைவு என்ற வாதத்துக்குத்தான் என்னிடம் எளிதான பதில் இல்லை. ஐரோப்பிய ஒன்றியத்தின் விதி, புதுக்கோழிக்கறி என்பதைத் தெளிவாக வரையறுத்திருக்கிறது: ஒருபோதும் உறைந்து விறைத்திருக்கக் கூடாது, எந்த நேரத்திலும் மைனஸ் 2 டிகிரிக்குக் கீழேயும் 4 டிகிரி செல்சியஸுக்கு மேலேயும் போகக் கூடாது. நமக்கோ கண்ணெதிரே அறுத்தால் புதுக்கறி. அறுத்த ஒரு மணி நேரத்தில் அடுப்பில் ஏறினால் அந்த நம்பிக்கையில் பெரிய தவறில்லை. ஆனால் உயிர்க்கோழியின் உடல் சூடு ஏறக்குறைய 41 டிகிரி. குடல் கிழிந்தால் அதிலுள்ள கிருமிகள் கறியில் ஒட்டும். அதே கத்தி, அதே புளியங்கட்டை, அதே வாளித் தண்ணீரில் நாள் முழுக்க நூறு கோழி வெட்டினால், கட்டையின் கீறல்களில் தேங்கிய ஈரம் அடுத்த கறிக்கும் போகும். ஞாயிறு காலை அறுத்து மதியம்வரை கொக்கியில் தொங்கும் துண்டு புதுக்கறி ஆகாது. மருந்து விஷயமும் இருக்கிறது. டெல்லியின் அறிவியல் மற்றும் சுற்றுச்சூழல் மையம் 2014இல் சோதித்த 70 கோழி மாதிரிகளில் 40 சதவீதத்தில் ஆன்டிபயாடிக் எச்சம் இருந்தது. கோலிஸ்டின் மருந்தைக் கால்நடைகளுக்குக் கொடுப்பதை இந்தியா தடை செய்தது 2019இல்தான். வளர்ச்சிக்காக ஆன்டிபயாடிக் கொடுப்பதை ஐரோப்பா 2006லேயே முற்றிலும் நிறுத்திவிட்டது.

குளிர்பெட்டியில் கறி கொடுக்கும் பெங்களூரு நிறுவனங்கள் இந்தக் குறையைப் பார்த்துத்தான் வளர்ந்தன. ஆனால் குளிர்ச்சி என்பது காசுள்ளவர் வீட்டு வசதியாக நின்றுவிடக் கூடாது. சிவாஜிநகரிலும் மடிவாளத்திலும் இருக்கும் சின்னக் கடைக்காரரை மூடவைத்தும் இதைச் செய்யக்கூடாது. பகுதிக்கு ஒரு பொது அறுப்புக்கூடம், அங்கிருந்து குளிர்வண்டி, கடைக்குக் கடனில் ஒரு குளிர்பெட்டி, கட்டைக்குப் பதிலாகக் கழுவக்கூடிய பலகை, அறுத்த நேரமும் வெப்பநிலையும் எழுதிய சீட்டு. பெங்களூரு மாநகர நிர்வாகமும் உணவுப் பாதுகாப்புத் துறையும் மனம் வைத்தால் இவற்றில் எதுவும் எட்டாத காரியமல்ல. கோழிக்கால் மீதான 100 சதவீதத் தீர்வையை எந்தப் பேச்சுவார்த்தையிலும் விட்டுக்கொடுக்கக் கூடாது என்று டெல்லியிடம் கேட்கும் உரிமை நம் கோழித் தொழிலுக்கு உண்டு. அதே தொழிலிடம் 4 டிகிரியைக் கேட்கும் உரிமை வாங்கும் நமக்கும் உண்டு. அடுத்த முறை கறி வாங்கும்போது விலையோடு சேர்த்து, எப்போது அறுத்தது, எதில் வைத்திருந்தீர்கள் என்றும் கேளுங்கள்.