ஆயர் பாடலும் மணற்சுரங்கமும்: ஆங்கிலத்தின் வழிவந்த ஐரோப்பிய நாட்டுப்புறக் கதைகள்

ஐரோப்பியச் சிறுகதைகளுள் நம்மவர் கற்றவை பெரும்பாலும் ஆங்கிலத்தின் வழியாக வந்தவையே. மோப்பசானையும் செக்கோவையும் அவர்தம் மூலமொழிகளிற் பயின்ற தமிழ் வாசகர் மிகச் சிலர். புதுமைப்பித்தன் தமிழாக்கித் தந்த பிறநாட்டுக் கதைகளும் ஆங்கிலத்திலிருந்து பெயர்க்கப்பட்டனவே. இதனால் விளைந்த நன்மைகளை ஈண்டு விரித்தல் வேண்டா. ஆயின், இடைநின்ற ஆங்கிலம் எதனை நம்மிடம் சேர்த்தது, எதனை வழியிலே இழந்தது என்னும் வினா போதிய அளவு எழுப்பப்படவில்லை. நகர மாந்தரைப் பற்றிய கதைகளில் இவ்வினா அத்துணைக் கூர்மையுடையதன்று. உழவர், இடையர், கூலியாட்கள் ஆகியோரைப் பற்றிய நாட்டுப்புறக் கதைகளிலோ அதுவே தலையாய வினாவாகின்றது. அவர்தம் பேச்சே அக்கதைகளின் உயிர் ஆதலின் என்க.

மேனாட்டு ஆயர் இலக்கியத்தின் தந்தை எனப்படும் தியோக்கிரிட்டஸ் கி.மு. 3ஆம் நூற்றாண்டினர், சிசிலித் தீவின் சிராக்கியூஸ் நகரிற் பிறந்தவர். அவருடைய இடையர் டோரிக் கிளைமொழியிற் பாடினர். எனினும் அப்பாடல்களைச் சுவைத்தோர் அலெக்சாந்திரியா போன்ற பெருநகரங்களின் கற்றோரேயாவர். உரோமானியக் கவிஞர் வேர்ஜில் அவரைப் பின்பற்றிய பின்னர் ஆயர்நிலம் என்பது தேசப்படத்திற் காணவியலாத கற்பனை நாடாயிற்று. அங்கே ஆடுகள் உண்டு. ஆட்டுக்குரியவனுக்குக் கொடுக்கவேண்டிய குத்தகை இல்லை. (முல்லைத் திணையோடு இதனை ஒப்பிட விழைவார் உளர். அது தனியே ஆராயற்பாலது.)

இக்கற்பனை நாட்டிலிருந்து உண்மையான ஒரு மாகாணத்துக்குக் கதையைக் கொணர்ந்தோருள் ஜோர்ஜ் சான்ட் அம்மையார் முக்கியமானவர். பிரான்சின் நடுப்பகுதியிலுள்ள பெரி மாகாணத்தைக் களமாகக் கொண்டு 1846இல் 'பேய்க் குளம்' என்னும் கதையை அவர் வெளியிட்டார். ஓவியர் ஹோல்பைன் வரைந்த ஒரு சித்திரத்தோடு அந்நூல் தொடங்குகின்றது. வறிய முதிய உழவன் ஒருவன் உழுகின்றான். எலும்புருவான மரணம் அவனுடைய குதிரைகளைச் சாட்டையால் அடித்து ஓட்டுகின்றது. இச்சித்திரத்தை அம்மையார் மறுக்கின்றார். உழவனுக்கு உரியது மரணமன்று, வாழ்வே என்பது அவர் கட்சி. 1848ஆம் ஆண்டுப் புரட்சி இரத்தக்களரியில் முடிந்தபின் அவர் மென்மையான நாட்டுப்புறக் கதைகளிலே மேலும் அடைக்கலம் புகுந்தார். இதனைத் தப்பியோட்டம் எனக் குறைகூறுவது எளிது, முற்றும் நியாயமன்று. ஏனெனில், மொழி பற்றிய சிக்கலை அவர் நேர்நின்று எதிர்கொண்டவர். அடுத்த கதையின் முன்னுரையில் அவருடைய நண்பர் கூறும் யோசனை சிந்திக்கத்தக்கது: வலப்பக்கத்தில் ஒரு பாரிஸ் நகரத்தவனும் இடப்பக்கத்தில் ஓர் உழவனும் அமர்ந்திருப்பதாகக் கொண்டு, இருவருக்கும் விளங்குமாறு கதை சொல்லவேண்டும் என்பதே அது. 1960களில் ஈழத்தில் மண்வாசனை பற்றியும் இழிசனர் வழக்கு பற்றியும் எழுந்த விவாதங்களை அறிந்தோர்க்கு இந்த இடவல நெருக்கடி புதியதன்று.

அக்கதையின் தலைப்பிலே 'ஷம்பி' என்றொரு சொல் வருகின்றது. வயலிலே கைவிடப்பட்ட பிள்ளை என்பது அதன் பொருள். அது பிரெஞ்சுச் சொல்லே அன்று என நண்பர் தடுக்க, மொந்தேன் ஆண்ட சொல் எனக்காட்டி அம்மையார் அதனை நிலைநாட்டுகின்றார். ஆங்கிலத்திற் பெயர்த்தோர் ஆதரவற்ற பிள்ளை எனப் பொருள்படும் பொதுச் சொல்லொன்றை அதனிடத்தில் வைத்தனர். பிழை என்று சொல்வதற்கில்லை. எனினும் வயல் போய்விட்டது. வயலோடு, பிள்ளையைப் பெற்றவள் அதனை எங்கே விட்டுச் சென்றாள் என்பதும் போய்விட்டது.

இதனினும் பெரிய இழப்புகள் உண்டு. துர்க்கனேவின் வேட்டைக்காரன் குறிப்புகள் 1852இல் ருஷ்ய மொழியில் நூலுருப்பெற்றன. பண்ணையடிமைகளை மனிதராகக் காட்டிய அந்நூல் 1855இல் ஆங்கிலத்துக்கு வந்தபோது ருஷ்ய மூலத்திலிருந்து வரவில்லை. முந்திய ஆண்டில் வெளியான பிரெஞ்சு மொழிபெயர்ப்பிலிருந்தே வந்தது. அப்பிரெஞ்சு ஆக்கத்தையோ துர்க்கனேவ் தாமே வன்மையாகக் கண்டித்திருந்தார். கொன்ஸ்ரன்ஸ் கார்னெற் ருஷ்ய மூலத்திலிருந்து நேரே பெயர்த்த பதிப்பு 1895இலேதான் கிடைத்தது. நாற்பது ஆண்டு இடைவெளி!

எனினும் நம் வினாவுக்கு மிகத் தெளிவான சான்று தியோக்கிரிட்டஸ் பிறந்த அதே சிசிலியிலிருந்தே கிடைக்கின்றது. ஜொவான்னி வேர்கா (1840–1922) கற்றானியா நகரினர், நிலவுடைமைக் குடும்பத்தவர். அவருடைய 'வயல்வாழ்க்கை' 1880இலும் 'நாட்டுப்புறக் கதைகள்' 1883இலும் வெளிவந்தன. முன்னைய தொகுதியில் ஜேலி என்னும் இடையன் வருகின்றான். புல்வெளி, குதிரைக் கூட்டம், குழந்தைக் காதல் என ஆயர் பாடலின் உறுப்புகள் யாவும் அக்கதையில் உள்ளன. ஆனால் முடிவிலே, தன் மனைவியைக் கவர்ந்த இளமைத் தோழனை, அவன் ஆட்டுக்குட்டியை அறுப்பதுபோல ஒரே வீச்சில் அறுத்துவிடுகின்றான். சான்ட் அம்மையார் விரட்டிவிட்ட எலும்புருவம் மீண்டும் வயலுக்குத் திரும்பிவிட்டது எனலாம்.

வேர்கா சிசிலிக் கிளைமொழியில் எழுதினாரல்லர். அவர் எழுதியது இத்தாலியமே. ஆனால் வாக்கியத்தின் போக்கு, பழமொழி, திரும்பத் திரும்ப வரும் கூற்று ஆகியவற்றிலே சிசிலியக் குடியானவரின் மூச்சு கேட்கின்றது. அதனினும் முக்கியமானது ஒன்றுண்டு. கதை சொல்பவர் ஆசிரியர் அல்லர். ஊரே கதை சொல்கின்றது. படைப்பு தானே தோன்றியதுபோல் இருத்தல்வேண்டும், படைத்தவன் கை தெரியலாகாது என்பது அவர் கொள்கை.

செம்மணற் சுரங்கத்தில் வேலைசெய்யும் 'ரொஸ்ஸோ மல்பேலோ' என்னும் சிறுவனின் கதையை எடுத்துக்கொள்வோம். அவன் தலைமயிர் சிவப்பானதற்குக் காரணம் அவன் தீய பிள்ளையாயிருத்தலே என்று கதை தொடங்குகின்றது. இத்தருக்கம் ஆசிரியருடையது எனக் கொள்ளும் வாசகர் முதல் வரியிலேயே வழிதவறுகின்றார். இது சுரங்கத்தாரின் தருக்கம். அவன் தந்தை மணல் சரிந்து புதையுண்டபோது, சிறுவன் நகங்கள் பிய்ந்து குருதி ஒழுகத் தோண்டுகின்றான். ஊர்க்குரல் அதனையும் விலங்கின் வெறியாகவே கூறுகின்றது. செய்தி வந்தபோது சுரங்கத்துப் பொறியியலாளர் நாடக அரங்கிலே ஹம்லெற் பார்த்துக்கொண்டிருக்கின்றார். வந்து பார்த்துவிட்டு, ஒஃபீலியாவின் அடக்கத்தைக் காணத் திரும்பிவிடுகின்றார். இருவேறு புதைப்புகளை ஊர்க்குரல் எவ்விதக் கருத்துரையுமின்றி அருகருகே வைத்துவிடுகின்றது. நொண்டிச் சிறுவன் ஒருவனுக்கு மல்பேலோ தன் பாதி வெங்காயத்தைக் கொடுத்துவிட்டு வெறும் ரொட்டியை உண்கின்றான். அவனைப் பாதுகாப்பதும் கொடுமையின் ஒரு நுட்பமே என்கின்றது ஊர்க்குரல்! செயல் ஒன்றாகவும் அதனைச் சொல்லும் வாய் வேறொன்றாகவும் நிற்கும் இவ்விடைவெளியிலேதான் கதையின் அறச்சீற்றம் முழுவதும் உள்ளது. சிசிலியின் கந்தகச் சுரங்கங்களிற் சிறுவர் படும் பாட்டை ஃபிராங்கெற்றி, சொன்னினோ ஆகியோரின் ஆய்வு 1877இல் வெளிப்படுத்தியிருந்தது. அவ்வறிக்கை சொல்லாததை, அக்கொடுமைக்கு ஊர் எவ்வாறு உடந்தையாகின்றது என்பதை, இக்கதை சொல்கின்றது.

இந்நிலையில் மொழிபெயர்ப்பாளர் இக்குரலைச் செம்மைப்படுத்தினால் நேர்வது யாது? கொச்சையான தருக்கம் நேரானதாகிவிடும். ஊர் மறைந்து, நடுநின்று இரங்கும் கனவான் ஒருவர் கதைசொல்லியாகிவிடுவார். மணற்சுரங்கக் கதை மீண்டும் ஆயர் பாடலாகிவிடும்.

வேர்காவின் கதைகள் சில 1893இலேயே ஆங்கிலத்தில் வந்துவிட்டன. மஸ்கானி 1890இல் அமைத்த இசைநாடகத்தின் புகழ் இதற்கு உதவியது. ஆயினும் ஆங்கில வாசகர் உள்ளத்தில் வேர்காவை நிலைபெறச் செய்தவர் டி. எச். லோறன்ஸ். இவ்வரலாற்றிலே இலங்கைக்கும் ஒரு சிறு இடம் உண்டு. 1922 ஜனவரியில் வேர்கா காலமானார். அடுத்த மாதம், சிசிலியின் தவோர்மினாவில் வாழ்ந்துவந்த லோறன்ஸ் கப்பலேறி மார்ச்சில் இலங்கை வந்தடைந்தார். கண்டியிலே நண்பர் புறூஸ்ரர் இல்லத்தில் ஏறத்தாழ ஆறு வாரங்கள் தங்கினார். கண்டியில் அவர் கண்ட பெரகராவும் அதன் பயனாய் எழுதிய யானைக் கவிதையும் பலர் அறிந்தவை. கப்பலிலும் கண்டியிலும் அவர் கையில் இருந்த வேலை வேர்காவின் 'மாஸ்ற்றோ தொன் ஜெசுவால்தோ' என்னும் நாவலின் மொழிபெயர்ப்பு என்பது அத்துணை அறியப்படவில்லை. அது 1923இலும், சிறுகதைத் தொகுதிகள் 1925, 1928 ஆகிய ஆண்டுகளிலும் அச்சேறின.

லோறன்ஸ் நொற்றிங்ஹாம்ஷயர்ச் சுரங்கத் தொழிலாளி ஒருவரின் மகன்; தம் நாடகங்களிலும் கவிதைகளிலும் அம்மாவட்டப் பேச்சைக் கையாண்டவர். மல்பேலோவை நொற்றிங்ஹாம்ஷயர்ப் பையனாக்கிவிட அவரால் இயன்றிருக்கும். அவ்வாறு செய்யாமை அவருடைய நுண்ணுணர்வுக்குச் சான்று. ஓர் ஊரின் கிளைமொழியை இன்னோர் ஊருக்குப் போர்த்தினால் சிசிலி மறைந்துவிடும். பயிற்சி பெறாத மனம் நேர்கோட்டிற் செல்லாது, உணர்ச்சியைச் சுற்றிச்சுற்றி வருவது என அவர் ஒரு தொகுதியின் முன்னுரையில் விளக்குகின்றார். அச்சுழற்சியை ஆங்கில வாக்கியத்திற் காப்பாற்றவே அவர் முயன்றார். விரைந்து செய்த வேலையாதலின் சொற்பொருட் பிழைகள் பல உள என்பது பின்வந்தோர் காட்டியது, அதனை மறுப்பதற்கில்லை. பிழையற்ற சில பதிப்புகளிலே கேளாத ஊர்க்குரல் பிழைமலிந்த இப்பதிப்பிலே கேட்கின்றது என்பதே இக்கட்டுரையாசிரியனின் துணிபு. ஆங்கிலத்திலிருந்து தமிழாக்குவோர், வழுவழுப்பான பதிப்பையே நல்ல பதிப்பு எனத் தெரிந்தெடுக்கும் வழக்கத்தை மீள நோக்குதல் நன்று.

இறுதியில், எவரும் போகத் துணியாத ஒரு சுரங்கவழியைத் தேட மல்பேலோ அனுப்பப்படுகின்றான். தந்தையின் கருவிகளையும் விளக்கையும் ரொட்டியையும் எடுத்துக்கொண்டு செல்பவன் திரும்பவில்லை. இறந்தகாலத்தில் நடந்துவந்த கதை அங்கே நிகழ்காலத்துக்கு மாறுகின்றது. சிவந்த தலைமயிரோடும் சாம்பல்நிறக் கண்களோடும் அவன் எதிர்ப்படக்கூடும் என்று அஞ்சி, சுரங்கத்துப் பிள்ளைகள் அவனைப் பற்றிப் பேசும்போது குரலைத் தாழ்த்துகின்றார்கள்.