அரிசிப் பானைக்குள் ஒரு மின்புகைக் குழல்

நல்லூரிற் கொடியேறிவிட்டால் அரியாலை வீடுகளுக்குப் புதுக்களை வந்துவிடும். ஆண்டு முழுவதும் முதியோர் இருவர் மாத்திரம் காவலிருந்த வீடுகளிலே, இலண்டனிலிருந்தும் கனடாவிலிருந்தும் வந்த பிள்ளைகளின் சிரிப்பொலி கேட்கும். கிணற்றடியில் வாளிச் சத்தம் ஓயாது. அவ்வாறு களைகட்டியிருந்த அயல் வீடொன்றில் நிகழ்ந்த சிறு சம்பவமே இக்கட்டுரைக்குக் காரணமாயிற்று.

அவ்வீட்டு அம்மம்மா, இலண்டனிலிருந்து வந்த பேரனின் காற்சட்டையைச் சவர்க்கார நீரில் ஊறப்போட்டிருந்தார். அலசும்போது பொக்கற்றினுள்ளிருந்து விரல் நீளமான ஏதோ ஒன்று வாளிக்குள் விழுந்தது.

"இதென்ன ராசா, பேனையோ?"

"ஓம் அம்மம்மா, ஒரு மாதிரிப் பேனைதான்."

பேரனின் முகம் வாடியதைக் கண்ட அம்மம்மாவுக்கு மனம் பொறுக்கவில்லை. நனைந்த கைத்தொலைபேசியை அரிசிக்குள் புதைத்தால் ஈரம் வற்றிவிடும் என்று எவரோ சொல்லக் கேட்டிருந்தார். உடனே அப்'பேனை'யைத் துடைத்து, குசினியிலிருந்த அரிசிப் பானைக்குள் புதைத்துவிட்டார். மறுநாட் காலையில், பேத்தியின் கைக்குழந்தைக்குக் கஞ்சி காய்ச்ச அரிசி எடுக்கப் போனபோது, அரிசியில் ஒரு பிடியளவு பிசுபிசுத்துக் கட்டியாகிக் கிடந்தது. பழவாசனையும் வீசிற்று.

முன்னொரு காலத்தில் விஞ்ஞானம் படிப்பித்தவன் என்ற உரிமையில் என்னை அழைத்தார்கள். "மாஸ்ரர், இந்தப் பேனை அரிசிக்குள்ள மை கக்கிப் போட்டுது. கழுவிப்போட்டுச் சமைக்கலாமோ?" என்று அம்மம்மா கேட்டார். பேரன் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"அந்த அரிசியில் ஒரு மணியும் உலையிற் போடக்கூடாது" என்றேன். அதற்கான காரணத்தை அவர்களுக்கு விளக்கியவாறே இங்கும் கூறுகின்றேன்.

பேனையுமன்று, மையுமன்று

அது 'வேப்' என்று இளைஞர் வழங்கும் இலத்திரனியற் சிகரெட். 2003ஆம் ஆண்டில் ஹொன் லிக் என்ற சீன மருந்தாளர் ஆக்கிய கருவியின் வழித்தோன்றல். அதனுள்ளே ஒரு சிறு இலிதியம் அயன் மின்கலம், ஒரு மின்சுருள், பஞ்சுத்திரி, திரவம் நிறைந்த குப்பி ஆகியன உண்டு. வாயினால் உறிஞ்சும்போது காற்றின் அசைவை ஓர் உணரி அறிந்து மின்னோட்டத்தைத் திறந்துவிடும். சுருள் சூடேறும், திரியிலுள்ள திரவம் ஆவியாகும். சிலவற்றில் உணரிக்குப் பதிலாக ஓர் அழுத்தி இருக்கும்.

திரவத்தின் பெரும்பகுதி கிளிசரினும் புரோப்பிலீன் கிளைக்கோலும் ஆகும். வாசனைக்காகச் சில பொருள்கள் சேர்த்திருப்பர். உயிரான சரக்கு நிக்கொட்டின். புகையிலை நாட்டவராகிய நமக்கு அது அந்நியமானதன்று. நம் முன்னோர் பயிரைத் தின்னும் பூச்சிகளுக்குப் புகையிலைக் கஷாயம் தெளித்தார்களல்லவா? அக்கஷாயத்துக்கு வீரியம் கொடுத்ததும் இதே நிக்கொட்டின்தான். 1828ஆம் ஆண்டில் ஜேர்மனியின் ஹைடல்பேர்க் நகரில் பொசெல்ற், றைமன் என்னும் இருவர் புகையிலையிலிருந்து அதனைப் பிரித்தெடுத்தனர்.

இங்கிலாந்தில் விற்கும் குப்பியொன்றில் 2 மில்லிலீற்றருக்கு மேற்படத் திரவம் இருத்தலாகாது. மில்லிலீற்றருக்கு 20 மில்லிகிராமுக்கு மேற்பட நிக்கொட்டினும் இருத்தலாகாது என்பது சட்டம். ஆயினும் நிறைந்த ஒரு சிறு குப்பியில் 40 மில்லிகிராம் வரை இருக்கக்கூடும் என்பது கணக்கு. வளர்ந்தோர் சிறுகச் சிறுக ஆவியாக இழுப்பது வேறு. கைக்குழந்தையின் வயிற்றுக்குள் ஒருமிக்கச் செல்வது வேறு. 2014 டிசெம்பரில் அமெரிக்காவின் நியூயோர்க் மாநிலத்தில் ஒரு வயதுக் குழந்தையொன்று இத்தகைய திரவத்தால் உயிரிழந்தது. குழந்தைகள் திறக்க முடியாத மூடியிலேயே அதனை விற்கவேண்டும் என்ற சட்டம் 2016 ஜனவரியில் அந்நாட்டில் நிறைவேறிற்று.

எனவே அரிசியை நிலத்திற் குழி தோண்டிப் புதைக்கச் சொன்னேன். கோழிக்குப் போடுவதும் தகாது. திரவம் பட்ட கையை உடனே சவர்க்காரமிட்டுக் கழுவவேண்டும். ஏனெனில் நிக்கொட்டின் தோலினூடாகவும் உட்செல்லும். குழந்தையொன்று அதனை விழுங்கிவிட்டால் வாந்தி வரும்வரை பார்த்திருத்தலும், விரலை விட்டு வாந்தியெடுக்க வைத்தலும் தவறு. தாமதமின்றி வைத்தியசாலைக்குக் கொண்டுசெல்லல் வேண்டும்.

நீர் செய்யும் கேடு

இனிக் கருவியின் கதைக்கு வருவோம். நீர் மின்னைக் கடத்தும் என்பது எவரும் அறிந்தது. ஆனால் தூய நீர் மின்னைக் கடத்துவது மிகச் சொற்பமே. நீரிற் கரைந்துள்ள உப்புக்களே மின்னோட்டத்துக்குப் பாதை அமைக்கின்றன. நம் குடாநாடோ சுண்ணாம்புக்கல்லின் மேல் அமைந்தது. நம் கிணற்று நீர் வன்னீர். கேத்தலின் உட்புறத்திற் படியும் வெண்பொருக்கே அதற்குச் சாட்சி. அரியாலையின் தெற்கெல்லையிலே கடனீரேரி கிடப்பதால், அதனை அண்டிய கிணறுகளில் உவர்ச் சுவையும் உண்டு. இந்நீரோடு சவர்க்காரமும் சேர்ந்தால் மின் ஓடுவதற்கு நல்ல பாதை கிடைத்துவிடுகிறது.

மின்கலம் பூட்டியபடி கருவி நனையும்போது, அருகருகே செல்லும் இரு செம்புக் கோடுகளுக்கிடையே நீரினூடாக மின் பாய்கிறது. நேர்முனைச் செம்பு அரித்துக் கரைகிறது. பச்சை நிறக் களிம்பு பூக்கிறது. பாடசாலையில் மின்பகுப்பு என்று படித்த அதே தாக்கம்தான். ஆகவே ஈரத்தை அகற்றுவதற்கு முன் செய்யவேண்டியது மின்கலத்தின் தொடர்பை அகற்றுவதே. பலரும் முதலிற் செய்வது இதற்கு நேர்மாறானது: 'வேலை செய்கிறதா' என்று அழுத்திப் பார்ப்பார்கள். அந்த ஓர் அழுத்தத்தோடு பல கருவிகளின் ஆயுள் முடிந்துவிடுகிறது. மின்புகைக் குழலில் இன்னுமோர் ஆபத்து உண்டு: உணரி நனைந்தால், எவரும் உறிஞ்சாமலே அது சுருளைச் சூடேற்றக்கூடும்.

உலர்த்தும் ஒழுங்கு

முதலாவது, கருவியை அணைத்தல். அழுத்தி உள்ளவற்றிற் பலவற்றை, அதனை விரைவாக ஐந்து முறை அழுத்தி அணைக்கலாம். அதன்பின் திரவக்குப்பியை வேறாகவும், கழற்றத்தக்க மின்கலமாயின் அதனை வேறாகவும் பிரித்துவிடவேண்டும். எவ்வகையிலும் வாயில் வைத்தல் ஆகாது; மின்னேற்றலும் ஆகாது.

இரண்டாவது, பஞ்சுத் துணியால் ஒற்றித் துடைத்தல். மின்னேற்றும் துவாரம் கீழ்நோக்கியிருக்கப் பிடித்து, உள்ளங்கையில் மெதுவாகத் தட்டினால் தேங்கிய நீர் வடியும். உலுக்குவதும் வாயால் ஊதுவதும் நீரை உள்ளேதான் தள்ளும்.

மூன்றாவது, சுத்தஞ் செய்தல். கண்ணாடி, உலோகப் பாகங்களை இளஞ்சூட்டு நன்னீரிற் கழுவலாம். பஞ்சுத்திரியோடு கூடிய சுருள் அழுக்குநீரை உறிஞ்சியிருக்குமாதலால் அதனை எறிந்துவிடுதலே நன்று. மின்தொடுமுனைகளில் உப்பும் சவர்க்காரமும் காய்ந்து படியாதிருக்க, நூற்றுக்கு 90 பங்குக்குக் குறையாத ஐசோபுரோப்பைல் மதுசாரத்திற் பஞ்சுக் குச்சியைத் தோய்த்துத் துடைக்கவேண்டும். இம்மதுசாரம் எளிதிற் தீப்பற்றும். ஆகவே அடுப்படியிலும் விளக்கின் அருகிலும் இவ்வேலை வேண்டா.

நான்காவது, உலர்த்துதல். ஈரம் போவதற்கு வேண்டியவை மூன்று: வறண்ட காற்று, காற்றின் ஓட்டம், மிதமான சூடு. பனங்கிழங்கை ஒடியலாக்கும் நம் பெண்களுக்கு இதனை விளக்கவேண்டியதில்லை. ஆனால் ஒடியலைப்போல மின்கலத்தை வெயிலிற் போடலாகாது. கடுஞ்சூடு அதற்குப் பகை. முடி உலர்த்தும் கருவியின் சூட்டுக்காற்றும் அவ்வாறே. சோளகம் வீசும் மாதங்களில் நிழலான விறாந்தையே போதும். வாடைக்காற்றோடு மழை பிடித்திருக்கும் கார்த்திகை, மார்கழியிலோ காற்றே ஈரம் சுமந்திருக்கும். அப்போது மின்விசிறியின் முன் வைக்கவேண்டும். புதுச் சப்பாத்துப் பெட்டிகளில் வரும் சிலிக்கா ஜெல் பொட்டலங்களைச் சேர்த்து, அவற்றோடு ஒரு மூடிய போத்தலில் வைப்பதும் நல்லது. இரண்டு நாளாவது பொறுத்தல் வேண்டும்.

அரிசி ஏன் உதவாது? நாம் களஞ்சியத்தில் வைக்கும் அரிசியிலேயே நூற்றுக்கு 12 முதல் 14 பங்கு வரை ஈரம் உண்டு. அது மேலும் உறிஞ்சுவது சொற்பம். உட்புறத்து நீர் அதனிடம் வரப்போவதுமில்லை. அதன் தவிடும் மாத்தூளுமோ துவாரங்களிற் புகுந்து ஈரத்தோடு பசையாகிவிடும். நனைந்த தொலைபேசியை அரிசிக்குள் வைக்கவேண்டாம் என்று அப்பிள் நிறுவனமே 2024ஆம் ஆண்டில் அறிவுறுத்திற்று.

எப்போது கைவிடுவது?

இதுவே யாவற்றிலும் முக்கியமானது. ஒரு கருவி திரும்ப வேலை செய்வதும், அது பாதுகாப்பாக இருப்பதும் ஒன்றல்ல. 1991ஆம் ஆண்டிற் சோனி நிறுவனம் விற்பனைக்குக் கொண்டுவந்த இலிதியம் அயன் மின்கலம் உலகையே மாற்றியது. 2019ஆம் ஆண்டின் இரசாயனவியல் நோபல் பரிசு அதன் முன்னோடிகள் மூவருக்குக் கிடைத்தது. ஆயினும் சிறு இடத்தில் மிகுந்த சக்தியை அடைத்திருப்பதால், உட்புறத்தே குறுஞ்சுற்று நேர்ந்தால் அது தானே சூடேறித் தீப்பற்றும். நனைந்த அன்றே இது நிகழவேண்டுமென்பதில்லை. 2022 செப்டெம்பரில் இயன் சூறாவளி அமெரிக்காவின் புளோரிடாவைத் தாக்கியபோது, கடல்நீரில் மூழ்கிய மின்சாரக் கார்கள் சில வெள்ளம் வடிந்த பின்னரே தீப்பற்றின.

ஆகையால் மின்கலம் வீங்கியிருந்தாலும், இனிய இரசாயன மணம் வீசினாலும், காரணமின்றிச் சுட்டாலும், துவாரத்திற் பச்சையோ வெள்ளையோ பூத்திருந்தாலும் அதனை மின்னேற்றவே கூடாது. கடனீரேரியில் விழுந்த கருவியையும், பிரிக்க முடியாதபடி ஒட்டப்பட்டு முற்றாக ஊறிய கருவியையும் கைவிடுதலே அறிவு. வேறு கருவியாயின், நன்றாக உலர்ந்த பின் முதல் மின்னேற்றத்தைப் பகலில், சீமெந்துத் தரையில், கண்ணெதிரே செய்யவேண்டும். தலையணைக்கருகில் இரவு முழுவதும் வேண்டா.

கைவிட்டதைக் குப்பையோடு சேர்ப்பதும் தவறு. மாலையிற் சருகு கூட்டி முற்றத்து மூலையில் எரிப்பது நம் வழக்கம். அந்நெருப்பில் மின்கலம் வெடிக்கும். முனைகளை ஒட்டுநாடாவால் மூடி, உலர்ந்த மணல் நிரப்பிய தகரப்பேணியில் இட்டு, வீட்டுக்கு வெளியே நிழலில் வைத்திருந்து, இலத்திரனியற் கழிவு சேர்ப்பவர்களிடம் கொடுத்தல் வேண்டும். ஒருமுறை பாவித்து எறியும் மின்புகைக் குழல்களை ஐக்கிய இராச்சியம் 2025 ஜூன் முதலாந் திகதி தொடக்கம் தடைசெய்ததற்கு, இவ்வாறு எறியப்படும் மின்கலங்களும் ஒரு காரணம். இந்தியாவோ 2019ஆம் ஆண்டிலேயே மின்புகைக் குழல்களின் விற்பனையை முற்றாகத் தடைசெய்தது.

வெள்ளக் காலத்துக்கு ஒரு சொல்

மின்புகைக் குழல் எல்லா வீட்டிலும் இராது, இருக்கவும் வேண்டா. ஆனால் கைத்தொலைபேசி, ரோச், றேடியோ இல்லாத வீடு ஏது? 2008 நவெம்பரில் நிஷா புயலின்போதும், 2024 நவெம்பர் இறுதியிற் பெய்த பெருமழையின்போதும் குடாநாட்டின் தாழ்ந்த நிலங்களில் வெள்ளம் வீட்டுக்குள் புகுந்ததை நாம் மறக்கவில்லை. மேலே சொன்ன ஒழுங்கு அவற்றுக்கும் பொருந்தும்: அணைத்தல், பிரித்தல், துடைத்தல், காற்றில் உலர்த்துதல், பொறுத்தல். சுவரிற் பூட்டும் மின்கருவியாயின், பிரதான ஆளியை நிறுத்தும்வரை அதனைத் தொடுவதே ஆகாது.

பேரனின் கருவி ஒட்டப்பட்ட வகை; இரவு முழுவதும் ஊறியது போதாதென்று அரிசித்தூளும் அடைத்திருந்தது. "காயவைத்துப் பார்க்கலாமா, மாஸ்ரர்?" என்று ஒருமுறை கேட்டான். குழந்தை அப்போது தாயின் இடுப்பிலிருந்து அரிசிப் பானையை எட்டிப் பிடிக்க முயன்றுகொண்டிருந்தது. அவன் அதனைப் பார்த்தான். பின்னர் தானாகவே முற்றத்துக்குச் சென்று பேணியில் மணல் நிரப்பினான். அம்மம்மாவிடம் அது இன்னதென்று சொன்னவனும் அவனே. அவர் ஏசவில்லை. "பேனையெண்டு ஏன் ராசா பொய் சொன்னனீ? தெரிஞ்சிருந்தா அரிசிக்குள்ள வைப்பனோ?" என்று மாத்திரம் கேட்டார்.

அக்கேள்வி என் மனத்திலும் தைத்தது. கருவியில் இருந்த நஞ்சு சிறிது. அதனைக் குழந்தையின் கஞ்சிவரை கொண்டுவந்தது ஒரு சிறு பொய். வீட்டுக்குள் வரும் பொருள் இன்னதென்று வீட்டாருக்குத் தெரிந்திருத்தல் வேண்டும். பிள்ளைகள் அஞ்சாது சொல்லக்கூடிய வீடாக அது இருத்தலும் வேண்டும்.

இப்போது அவ்வீட்டுக் கிணற்றடியில் ஒரு பனையோலைப் பெட்டி தொங்குகிறது. தோய்க்கப் போடுமுன் யாவரும் தத்தம் பொக்கற்றிலுள்ளவற்றை அதில் இட்டுவிடவேண்டும் என்பது அம்மம்மாவின் கட்டளை.