ஜிலேபி மீனின் வண்ணச் சொந்தங்கள்

தம்பி தங்கைகளே, கோடையில் ஏரித் தண்ணீர் வற்றும்போது கரையோரச் சேற்றை உற்றுப் பாருங்கள். திருவாமாத்தூர், விழுப்புரம், திண்டிவனம் பக்கம் ஜிலேபி மீன் நிறைந்த ஏரியாக இருந்தால், சேற்றில் வட்ட வட்டமாகக் குழிகள் தெரியும். ஆண் ஜிலேபி மீன் வாயாலேயே மண்ணை அள்ளித் தோண்டிய கூடுகள் அவை!

பெண் மீன் அந்தக் குழியில் முட்டையிடும். உடனே முட்டைகளைத் தன் வாய்க்குள் எடுத்துக்கொள்ளும். குஞ்சுகள் பொரித்து நீந்தும்வரை 10 முதல் 14 நாள் அவை தாயின் வாயில்தான் இருக்கும். அந்த நாட்களில் தாய் பெரும்பாலும் இரை எடுப்பதில்லை. வெளியே வந்த குஞ்சுகளும் ஆபத்து என்றால் மீண்டும் தாய் வாய்க்குள் ஓடிவிடும்.

ஜிலேபி மீன் 'சிக்லிட்' என்னும் பெரிய குடும்பத்தைச் சேர்ந்தது. வண்ண மீன் கடையில் நீங்கள் பார்க்கும் ஏஞ்சல், டிஸ்கஸ், ஆஸ்கர், ஃபிளவர்ஹார்ன் எல்லாம் இதே குடும்பம்தான். ஆப்பிரிக்காவின் மலாவி ஏரியில் மட்டும் 700க்கும் மேற்பட்ட சிக்லிட் வகைகள் உள்ளன. ஒரே ஏரியில் இத்தனை வகை எப்படி? சிக்லிட்டுக்குத் தொண்டையில் இன்னொரு ஜோடித் தாடை உண்டு. முன்வாய் இரையைப் பிடிக்கும். தொண்டைத் தாடை அரைக்கும். அரைக்கும் வேலை தொண்டைக்குப் போய்விட்டதால், முன்வாய் ஒவ்வோர் உணவுக்கும் ஏற்றபடி மாற முடிந்தது. பாறைப் பாசியைச் சுரண்டுபவை ஒரு வகை, நத்தையைத் தின்பவை ஒரு வகை, மீனையே வேட்டையாடுபவை ஒரு வகை!

இந்தியாவில் இயற்கையாகவே வாழும் சிக்லிட்டுகள் மூன்றே. கேரளத்தின் மாநில மீனான கரிமீன் அவற்றில் ஒன்று. இன்னொன்று ஆரஞ்சு குரோமைடு. மரக்காணம் அருகே உள்ள கழுவெளியைப் போல, நன்னீரும் கடல்நீரும் கலக்கும் இடங்கள் இவ்விரண்டுக்கும் பிடிக்கும். விரல் நீளமே உள்ள ஆரஞ்சு குரோமைடில் தாயும் தந்தையும் மாறி மாறிக் காவல் காக்கும். அவற்றின் உடலில் ஊறும் வழவழப்பான சளியைக் குஞ்சுகள் கொத்தித் தின்னும்.

இப்படிப்பட்ட மீனை வீட்டில் வளர்க்க ஆசையா? மீன் வாங்கும் முன் உங்கள் தண்ணீரை அறிந்துகொள்ளுங்கள். தண்ணீர் காய்ச்சும் பாத்திரத்தின் அடியில் வெள்ளைப் படலம் படிகிறதா? அது சுண்ணாம்புச் சத்து மிகுந்த கடின நீர். மலாவி மீன்களுக்கு அது ஏற்றது. அமேசான் ஆற்றிலிருந்து வந்த டிஸ்கஸுக்கோ மென்னீர்தான் வேண்டும். இரண்டையும் ஒரே தொட்டியில் விடக் கூடாது.

அடுத்து, இடம். கடையில் விரல் அளவு இருக்கும் ஆஸ்கர், வளர்ந்தால் ஓர் அடி நீளம்! கண்ணாடிக் கிண்ணம் எந்தச் சிக்லிட்டுக்கும் போதாது. 3 அடி நீளம், 1 அடி அகலம், 1½ அடி உயரம் உள்ள தொட்டியில் சுமார் 127 லிட்டர் தண்ணீர் பிடிக்கும். தண்ணீரின் எடையே 127 கிலோ என்பதால் தாங்குமேடை உறுதியாக இருக்க வேண்டும். சிக்லிட்டுகள் எல்லைச் சண்டை போடும். ஒளிந்துகொள்ளக் கற்களை அடுக்கி இடுக்குகள் அமையுங்கள்.

மீனின் கழிவில் அம்மோனியா இருக்கிறது. அது மீனுக்கு நஞ்சு. தொட்டித் தண்ணீரைச் சுத்தம் செய்யும் ஃபில்டரின் பஞ்சில் குடியேறும் பாக்டீரியாக்கள் அம்மோனியாவை நைட்ரைட்டாகவும், பிறகு நஞ்சு குறைந்த நைட்ரேட்டாகவும் மாற்றும். அவை பெருக 4 முதல் 6 வாரம் ஆகும். ஆகவே முதலில் ஓரிரு மீன் போதும். பஞ்சைக் குழாய்த் தண்ணீரில் கழுவினால் குளோரின் அந்த பாக்டீரியாக்களைக் கொன்றுவிடும். தொட்டியிலிருந்து எடுத்த தண்ணீரிலேயே அலசுங்கள். வாரம் ஒருமுறை கால்வாசித் தண்ணீரை மாற்றுங்கள். இரண்டு நிமிடத்தில் தின்று முடிக்கும் அளவுக்கே இரை போடுங்கள். தொட்டிக்குள் கைவிடும் முன், பெரியவர்களிடம் சொல்லி மின் இணைப்பைத் துண்டியுங்கள்.

கடைசியாக, மிக முக்கியமான ஒன்று. ஜிலேபி மீன் நம் ஊர் மீன் அல்ல. தென்கிழக்கு ஆப்பிரிக்காவின் ஆறுகளில் வாழ்ந்த அதை, 1952இல் இந்தியாவுக்குக் கொண்டுவந்தார்கள். குஞ்சுகளைத் தாய் வாயில் வைத்துக் காப்பதால் பெரும்பாலானவை பிழைத்தன. இன்று நம் ஏரி குளங்களில் உள்ளூர் மீன்களின் இரையையும் இடத்தையும் அது பிடித்துக்கொண்டிருக்கிறது. நாம் வியக்கும் அதே தாய்ப்பாசம்தான் அதற்கு இந்தப் பலத்தைக் கொடுத்தது.

எனவே தொட்டி மீன் பெரிதாகிவிட்டாலும், வளர்க்க முடியாமல் போனாலும், விழுப்புரம் பக்கத்துப் பம்பை ஆற்றிலோ ஊர் ஏரியிலோ விட்டுவிடாதீர்கள். கடைக்காரரிடமோ, பெரிய தொட்டி வைத்திருக்கும் நண்பரிடமோ கொடுத்துவிடுங்கள். தொட்டி மீன் தொட்டியில் இருக்கட்டும். ஏரி நம் ஊர்க் கெண்டைக்கும் விராலுக்கும் இருக்கட்டும்.