குஞ்சுகளுக்குக் காலை விருந்து... கவிழ்த்த பானையில் கறையான்!

கறையான் என்றாலே எல்லோருக்கும் எரிச்சல்தான். கதவு நிலையை அரிக்கும். பெட்டியில் பத்திரமாக வைத்த பத்திரத்தையே தின்னும். அதே கறையானை ஆசையாக வரவழைக்கும் வீடுகளும் இருக்கின்றன. நாட்டுக்கோழி வளர்க்கும் வீடுகள்!

புறக்கடைக் கோழி பெரும்பாலும் வீட்டுப் பெண்களின் சொத்து. முட்டை விற்ற காசும், சேவல் விற்ற காசும் சிறுவாட்டில் சேரும். தாய்க்கோழி 21 நாள் அடைகாத்துப் பொரித்த குஞ்சுகளில் பாதி தேறாமல் போனால், அந்தக் காசிலும் பாதி போயிற்று. காக்கையும் பருந்தும் தூக்கிப்போவது கண்ணுக்குத் தெரியும். சத்து போதாமல் குஞ்சு சுணங்கிப்போவது தெரியாது.

வளரும் குஞ்சின் தீவனத்தில் சுமார் 20 சதவிகிதம் புரதம் வேண்டும். பல வீடுகளில் போடுவதோ நொய்யும் கம்பும். நொய்யில் 7 சதவிகிதம், கம்பில் 11 சதவிகிதம் அளவுக்குத்தான் புரதம் இருக்கிறது. தாய்க்கோழி குப்பையைக் கிளறிப் புழு, பூச்சி காட்டிக்கொடுத்து இந்தக் குறையை நிரப்பும். ஆனால், முற்றம் முழுக்க சிமென்ட் பூசிவிட்டால் அது எதைக் கிளறும்?

இதற்குத்தான் கிராமங்களில் பானை வைப்பார்கள். ஓட்டைப் பானையாக இருந்தாலும் சரி. அதற்குள் கிழிந்த சணல் சாக்கு, காய்ந்த சாணம், பனை ஓலை, சோளத்தட்டை என்று கிடைத்ததைத் திணித்துத் தண்ணீர் தெளிக்க வேண்டும். சொதசொதவென்று நனைக்கக் கூடாது. வேலியோரம், மரத்தடி என்று கறையான் நடமாடும் இடமாகப் பார்த்து, மண்ணை லேசாகக் கொத்தி, மாலையில் பானையைக் கவிழ்த்து வைத்துவிட வேண்டும். இருட்டு, ஈரம், தின்பதற்கு நார்... கறையானுக்கு வேறென்ன வேண்டும்? இரவோடு இரவாக மண்ணிலிருந்து ஏறி வந்துவிடும். பிளாஸ்டிக் சாக்கைத் திணித்துவிட்டு, ‘ஒன்றுகூட வரவில்லையே’ என்று அலுத்துக்கொண்டால் அது கறையானின் தப்பில்லை!

காலையில் வெயில் ஏறும் முன்பே பானையை எடுத்துவிடுங்கள். கறையானுக்குத் தோல் மெல்லியது. வெயில் பட்டால் காய்ந்துவிடும். தாய்க்கோழியின் முன்னால் சாக்கை உதறினால் போதும். அது ‘கொக் கொக்’ என்று கூப்பிட, குஞ்சுகள் அடித்துப் பிடித்து ஓடிவரும். பானையை மறுபடி ஈரப்படுத்தி வைத்தால் அடுத்த நாளுக்கும் ஆயிற்று. சிக்குவது வேலைக்காரக் கறையான்கள்தான். ராணி மண்ணுக்குள் முட்டையிட்டுக்கொண்டே இருக்கும்.

வீட்டுச் சுவரையோ, கொட்டகைத் தூணையோ ஒட்டிப் பானை வைக்க வேண்டாம். குஞ்சுக்கு வைத்த விருந்துக்கு நிலைக்கதவு பலியாகிவிடும். கறையான் மருந்து ஊற்றிய இடத்தின் பக்கமே போகக் கூடாது. அந்த விஷம் குஞ்சின் வயிற்றுக்குப் போகும்.

கறையான் பக்கத்தீவனம் மட்டுமே. தானியமும் சுத்தமான தண்ணீரும் வழக்கம்போல வைக்க வேண்டும். வெள்ளைக் கழிச்சலை எந்தக் கறையானும் தடுக்காது. முதல் வாரத்தில் கண்ணிலும் மூக்கிலும் விடும் சொட்டு மருந்தைக் கால்நடை மருந்தகத்தில் கேட்டுப் போட்டுவிடுவது அவசியம்.

மழை பெய்து ஈசல் கிளம்பும் நாட்களில் மட்டும் பானைக்கு விடுமுறை விடலாம். ஈசலும் இறக்கை முளைத்த கறையான்தான். அன்றைக்கு முற்றத்தில் குஞ்சுகளைப் பிடிக்க முடியாது!